பாரசிட்டாய்டு: ஒரு கலைச்சொல்லின் கணக்கு

டிரைகோகிரம்மா என்ற குளவியை வேளாண் துண்டறிக்கைகள் 'முட்டை ஒட்டுண்ணி' என்கின்றன. பள்ளிப் பாடநூலில் நாடாப்புழுவும் ஒட்டுண்ணி, பேனும் ஒட்டுண்ணி, மலேரியாக் கிருமியும் ஒட்டுண்ணி. பேன் ரத்தம் குடிக்கும், அரிக்கும், ஆளைக் கொல்லாது. ஆள் செத்தால் பேனுக்குத்தான் நட்டம். டிரைகோகிரம்மா கைவைத்த அந்துப்பூச்சி முட்டையிலிருந்தோ புழு வெளிவராது, குளவிதான் வரும். இப்படி வேறுபட்ட இரண்டு பிழைப்புகளுக்கு ஒரே பெயர் போதுமா என்ற கேள்வி ஐரோப்பாவிலும் எழுந்தது. பின்லாந்துப் பூச்சியியலாளர் ஓடோ மொரன்னால் ராய்ட்டர், பூச்சிகளின் வாழ்க்கைப் பழக்கங்களைப் பற்றி 1913இல் ஜெர்மன் மொழியில் எழுதிய நூலில், இரண்டாவது வகைக்குப் 'பாரசிட்டாய்டு' என்று தனிப்பெயர் வைத்தார். எறும்பு ஆய்வில் பெயர்பெற்ற அமெரிக்கர் வில்லியம் மார்ட்டன் வீலர் 1923இல் அதை எடுத்தாண்டார். அதன் பிறகும் பயிர்ப் பாதுகாப்புத் துறையினர் பல பத்தாண்டுகள் பழைய சொல்லையே புழங்கினார்கள். பழகிய சொல்லை யார்தான் எளிதில் விடுவார்கள்?

இலக்கணம் சுருக்கமானது. பாரசிட்டாய்டு இளம்பருவத்தில் ஒரே ஓர் உயிரைத் தின்று வளரும். வளர்ந்து முடிவதற்குள் அந்த உயிரைக் கொன்றுவிடும். முதிர்ந்த பின் எவரையும் ஒட்டாமல் தன்போக்கில் திரியும். பொறிவண்டு தன் வாழ்நாளில் நூற்றுக்கணக்கான அசுவினிகளைத் தின்கிறது. ஆகவே அது இரைவிழுங்கி. பேன் கொல்வதில்லை, ஆகவே அது ஒட்டுண்ணி. இரண்டுக்கும் இடையில் நிற்கிறது பாரசிட்டாய்டு. தின்னப்படும் உயிரைப் பாடநூல்கள் 'ஓம்புயிரி' என்கின்றன. ஓம்புவதற்கு அதன் சம்மதத்தை யாரும் கேட்பதில்லை என்பது வேறு விஷயம்.

இந்த இலக்கணத்தில் குளவி என்ற பேச்சே வரவில்லை என்பதைக் கவனிக்க வேண்டும். பாரசிட்டாய்டு என்பது பிழைப்பு முறையின் பெயர்; குலத்தின் பெயர் கிடையாது. இன்று அறியப்பட்ட பாரசிட்டாய்டுகளில் நான்கில் மூன்று பங்குக்கு மேல் குளவிகள் என்பதால் இரண்டையும் ஒன்றாக நினைத்துவிடுகிறோம். குளவி வம்சத்தில் இந்தப் பழக்கம் ஒரே ஒரு முறை, 20 கோடி ஆண்டுகளுக்கும் முன்னால் தோன்றியதாக ஆய்வாளர்கள் கருதுகிறார்கள். தேனீயும் எறும்பும்கூட அந்த மூதாதையின் வழி வந்தவையே. ஈக்களில் இதே பழக்கம் தனித்தனியாக இருபது தடவைக்கு மேல் தோன்றியிருக்கிறது.

ஈக்களுக்கு எடுத்துக்காட்டு தேடிப் பட்டு வளர்ப்பவர்கள் தொலைவு போகவேண்டியதில்லை. ஊசி ஈ 1980இல் கர்நாடகத்துக்குள் நுழைந்து தென்னகப் பட்டு மனைகளுக்குப் பரவியது. பட்டுப்புழுவின் தோல்மேல் அது வெள்ளை நிறத்தில் ஒரு பொடி முட்டையை ஒட்டிவிட்டுப் போகும். இரண்டொரு நாளில் முட்டை பொரிந்து ஈயின் புழு தோலைத் துளைத்து உள்ளே போய்விடும். போன இடத்தில் ஒரு கறுப்புத் தழும்பு நிற்கும். பட்டு மனையில் தட்டைக் கிளறும் கை முதலில் தேடுவது அந்தத் தழும்பைத்தான். கடைசிப் பருவத்தில் தாக்கப்பட்ட புழு கூடு கட்டிவிடும். உள்ளே தின்று முடித்த ஈப்புழு கூட்டைத் துளைத்துக்கொண்டு வெளியேறும். துளை விழுந்த கூட்டிலிருந்து இழை அறுபடாமல் வராது. இலக்கணப்படி ஊசி ஈ ஒரு முழுமையான பாரசிட்டாய்டு. அதை அடக்க மனைகளில் விடப்படும் நெசோலிங்க்ஸ் தைமஸ் என்ற பொடிக் குளவியும் பாரசிட்டாய்டுதான். அது ஊசி ஈயின் கூட்டுப்புழுவைத் தின்று வளர்கிறது. ஒரே கலைச்சொல், ஒரே கூரையின்கீழ், ஒரு முறை பகையையும் ஒரு முறை நட்பையும் குறிக்கிறது. 'நன்மை செய்யும் பூச்சி' என்பதைப் பாரசிட்டாய்டுக்கு மறுபெயராக எழுதுவது தவறு என்பதற்கு இதைவிடத் தெளிவான சான்று வேண்டாம்.

இந்தப் பிழைப்பு முறையை மனிதர்கள் நெடுங்காலம் பார்த்தும் புரிந்துகொள்ளவில்லை. குளவி புழுவைக் கொண்டுவந்து கூட்டில் அடைத்து, கொட்டக் கொட்டப் புழுவும் குளவியாகிவிடும் என்ற நம்பிக்கை நம்மிடம் உண்டு. 'பிரமர கீட நியாயம்' என்று வேதாந்திகள் அதைக் குருவுக்கும் சீடனுக்கும் உவமையாக்கினார்கள். பழஞ்சீனத்திலும் இதே நம்பிக்கை இருந்தது. குளவி புழுவைத் தத்தெடுத்து வளர்க்கிறது என்றார்கள். கி.பி. 5, 6ஆம் நூற்றாண்டுகளில் வாழ்ந்த மருத்துவ அறிஞர் தாவோ ஹொங்ஜிங் கூட்டைப் பிரித்துப் பார்த்து, குளவி தன் முட்டையைத்தான் இடுகிறது, புழு அதன் குஞ்சுக்குத் தீனி என்று எழுதினார். ஐரோப்பாவில் 1602இல் இத்தாலியர் அல்ட்ரோவண்டி, முட்டைக்கோசுப் புழுவின் உடலைச் சுற்றி மஞ்சள் நிறச் சிறு கூடுகள் கிடப்பதைப் பார்த்தார். புழு இட்ட முட்டைகள் என்று முடிவு கட்டினார். அவை புழுவுக்குள்ளிருந்து வெளியேறிய கொட்டேசியா குளவிப் புழுக்கள் நெய்த கூடுகள். இன்னொரு இத்தாலியரான வல்லிஸ்நேரி 1706இல் அதைச் சரியாகச் சொல்லும்வரை நூறாண்டு போயிற்று. இத்தனைக்கும் பார்ப்பதற்குக் கண் மட்டும் போதும். புழு முட்டையிடாது, அது வளர்ந்து ஆகும் வண்ணத்துப்பூச்சிதான் இடும் என்ற அடிப்படை தெளியாதவரை கண்டும் பயனில்லை.

அறவியல் குழப்பம் பிறகு வந்தது. சார்லஸ் டார்வின் 1860 மே மாதம் அமெரிக்கத் தாவரவியலாளர் ஆசா கிரேக்கு எழுதிய கடிதத்தில், உயிருள்ள புழுவின் உடலுக்குள் குஞ்சு தின்று வளரும்படியான இக்னியூமன் குளவிகளை ஓர் அருளாளர் வேண்டுமென்றே படைத்திருப்பார் என்று தம்மால் ஒப்புக்கொள்ள முடியவில்லை என்றார். இந்த மேற்கோளைச் சுற்றி எழுதப்பட்டவை ஏராளம். குளவிக்கு இரக்கம் உண்டா என்ற விசாரணையில் நமக்கு ஒன்றும் கிடைக்கப்போவதில்லை; அதன் வேலை நேர்த்தியில் நிறையக் கிடைக்கிறது.

அந்த வேலை இரண்டு வழிகளில் நடக்கிறது. சில குளவிகள் ஓம்புயிரியைக் கொட்டி அந்த இடத்திலேயே முடக்கிவிடும். அதற்குப் பிறகு அது வளராது. தென்னையின் கருந்தலைப் புழுவைத் தேடிவரும் கோனியோசஸ் இந்த வகை. புழு இலையை நூலாலும் கழிவாலும் பின்னிய கூடத்துக்குள் மறைந்திருக்கும். கோனியோசஸ் தாய் அதற்குள் நுழைந்து, புழுவைக் கொட்டி அசைவற்றதாக்கி, அதன் உடல்மேல் வரிசையாக முட்டையிடும். மற்றக் குளவிகளைப்போல் இட்டதும் பறந்துவிடாது. குஞ்சுகள் தின்று வளர்ந்து கூடு கட்டும்வரை அங்கேயே காவல் இருக்கும். வேறொரு கோனியோசஸ் தாய் வந்தால் சண்டையிட்டு விரட்டும். ஒட்டுண்ணி என்று நாம் பெயரிட்ட ஒன்றிடம் இந்தத் தாய்மை இருப்பது கொஞ்சம் சங்கடமாகத்தான் இருக்கிறது.

இன்னொரு வகை ஓம்புயிரியைத் தொடர்ந்து நடமாட விடும். கொட்டேசியா முட்டையிட்ட புழு வழக்கம்போல் இலை தின்னும், வளரும். வளர்வது யாருக்காக என்பதுதான் மாறிவிட்டது. புழுவின் நோய் எதிர்ப்பணுக்கள் அந்நிய முட்டையைச் சுற்றி வளைத்துக் கொன்றுவிட வேண்டும். அது நடப்பதில்லை, காரணம், தாய்க்குளவி முட்டையோடு சேர்த்து வைரஸ் துகள்களையும் செலுத்துகிறது. அந்தத் துகள்களைச் செய்யும் மரபணுக்கள் குளவியின் குரோமோசோமிலேயே இருக்கின்றன. சுமார் 10 கோடி ஆண்டுகளுக்கு முன் ஒரு வைரஸ் குளவியின் மூதாதைக்குள் நுழைந்து அங்கேயே தங்கிவிட்டது என்பதை 2009இல் பிரெஞ்சு ஆய்வாளர்கள் நிறுவினார்கள். இந்த இரு வழிகளுக்கும் 'இடியோபயண்ட்', 'கொய்னோபயண்ட்' என்ற பெயர்கள் 1986இல் ஆஸ்கியூ, ஷா இருவரும் எழுதிய கட்டுரைக்குப் பின் நிலைபெற்றன. அவற்றைத் தமிழில் 'முடக்கி வளர்வன', 'வளரவிட்டு வளர்வன' என்று சொல்லிவிடலாம்.

சிறிய உருவில் எவ்வளவு வேலை அடங்கும் என்பதற்கு டிரைகோகிரம்மாவே போதும். அரை மில்லிமீட்டர் நீளம். அந்துப்பூச்சி முட்டைமேல் ஏறி, உணர்கொம்பால் தட்டிக்கொண்டே ஒரு நடை நடக்கும். வளைவையும் கடக்க எடுத்த நேரத்தையும் வைத்து முட்டையின் பருமனை மதிப்பிட்டு, அதற்குள் எத்தனை குஞ்சு பிழைக்கும் என்று கணித்துத் தன் முட்டைகளை இடும். இதைவிடச் சிறியவையும் உண்டு. பேனைப் போன்ற மரப்பட்டைப் பூச்சிகளின் முட்டையில் வளரும் டைகோபோமார்ஃபா என்ற குளவியின் ஆணுக்கு 0.139 மில்லிமீட்டர் நீளம்தான். கண்ணோ இறக்கையோ கிடையாது. இதுவரை அளந்த பூச்சிகளில் இதுவே மிகச் சிறியது.

இனி இலக்கணத்தின் ஓட்டைகள். 1990இல் 'ஆய்கோஸ்' ஆய்விதழில் எகிள்டன், காஸ்டன் இருவரும் இதை ஒரு கட்டுரையாகவே எழுதினார்கள். பாரசிட்டாய்டு என்பது வசதிக்கான வரையறையா, வழிதவறச் செய்யும் சமரசமா என்பது அவர்கள் கேள்வி. நம் வீட்டுச் சுவரில் மண்கூடு கட்டும் குளவியை எடுத்துக்கொள்வோம். பல புழுக்களையோ சிலந்திகளையோ கொட்டி முடக்கி ஓர் அறைக்குள் அடைத்து, ஒரு முட்டையிட்டு மூடிவிடும். குஞ்சு தின்பது ஒன்றை அல்ல, பலவற்றை. ஆகவே இது இரைவிழுங்கி. ஆனால் ஒரே ஒரு சிலந்தியை இழுத்துப்போய்ப் புதைத்து முட்டையிடும் குளவிகளும் இருக்கின்றன. கரப்பான்பூச்சியின் மூளையில் கொட்டி, அதை மீசையைப் பிடித்து நடத்திப்போய் வளையில் அடைக்கும் பச்சை நிற ஆம்புலெக்ஸ் இருக்கிறது. ஒன்றுக்கு ஒன்று என்ற விதி இவற்றுக்குப் பொருந்துகிறது. ஆனால் தன் இடத்துக்கு இரையைக் கொண்டுபோவது வேட்டைக்காரன் குணம். இருந்தும் ஆம்புலெக்ஸைப் பாரசிட்டாய்டு என்றே பலரும் எழுதுகிறார்கள். எனக்கும் அதுவே சரியாகப் படுகிறது: குஞ்சின் கணக்கைப் பார்க்கவேண்டும், தாயின் பயணத்தை அல்ல.

'கொன்றுவிடும்' என்ற விதியும் முழுக்கப் பொருந்தாது. பொறிவண்டுக்குள் வளரும் டைனோகாம்பஸ் குளவியின் புழு வெளியேறி வண்டின் கால்களுக்கிடையே கூடு கட்டும். வண்டு அசையாமல் அதன்மேல் கவிந்து நின்று எதிரிகளை விரட்டும். கனடாவில் ஆராய்ந்தபோது அப்படி நின்ற பொறிவண்டுகளில் ஏறக்குறைய நான்கில் ஒன்று பிறகு தேறி நடமாடியது. கலிஃபோர்னியாவில் ஒருவகைக் கம்பளிப்புழு, உள்ளே வளர்ந்த ஈப்புழு வெளியேறிய பின்னும் பிழைத்து அந்துப்பூச்சியாகியிருக்கிறது. மறுபுறம், கொசுப்புழுவுக்குள் வளர்ந்து அதைக் கிழித்துக்கொண்டு வெளிவந்து கொல்லும் நூற்புழுக்கள் பூச்சியே அல்ல; விதிப்படி அவையும் உள்ளே வந்துவிடுகின்றன. பூச்சிகளுக்கு மட்டும் இந்தச் சொல் என்று வேலி போடுபவர்களிடம் அதற்கு நல்ல காரணம் ஒன்றும் இருப்பதாகத் தெரியவில்லை.

குலத்தைப் பார்த்துப் பெயர் வைப்பவர்களுக்கு இன்னொரு பாடம் கல்யாண முருங்கை. அதன் இலையையும் குருத்தையும் முண்டுமுண்டாக வீங்கச் செய்து மரத்தையே பட்டுப்போக வைக்கும் பொடிக் குளவி, பாரசிட்டாய்டுகள் நிறைந்த யூலோஃபிடே குடும்பத்தைச் சேர்ந்தது. ஆனால் அது தின்பது செடியை. ஹவாய்த் தீவுகளில் இதைக் கட்டுப்படுத்த 2008இல் விட்டது இன்னொரு குளவியை. பாரசிட்டாய்டையே தின்னும் பாரசிட்டாய்டும் சாதாரணம். கொட்டேசியாவின் கூட்டைத் தேடிப்போய் முட்டையிடும் லிசிபியா அப்படி ஒன்று. என்கார்சியா குளவிகளில் சில இனங்கள் இன்னும் விசித்திரம்: பெண் குஞ்சு வெள்ளை ஈக்குள் வளரும், ஆண் குஞ்சோ தன் இனத்துப் பெண் குஞ்சையே தின்று வளரும்.

இத்தனை ஓட்டை இருந்தும் சொல் ஏன் நிலைத்தது? கணக்குக்கு உதவுகிறது என்பதால். ஓம்புயிரி ஒன்று தாக்கப்பட்டால் அடுத்த தலைமுறையில் ஓம்புயிரிக் கணக்கில் ஒன்று குறையும், குளவிக் கணக்கில் ஒன்று கூடும். இரைவிழுங்கி விஷயத்தில் எத்தனை தின்றால் எத்தனை குஞ்சு என்று நேராகச் சொல்ல வழியில்லை. பேன் விஷயத்தில் சாவே கணக்கில் வராது. ஆஸ்திரேலியாவில் நிக்கல்சன் என்ற பூச்சியியலாளரும் பெய்லி என்ற இயற்பியலாளரும் 1935இல் இந்த ஒன்றுக்கு ஒன்றை வைத்துச் சமன்பாடு எழுதினார்கள். அந்தச் சமன்பாட்டில் இரு தரப்பும் ஏறி இறங்கி, அலைவு பெருகிக் கடைசியில் அழிந்துபோகும். வயலில் அப்படி அழிவதில்லையே என்ற கேள்விதான் அடுத்த அரை நூற்றாண்டு ஆய்வுக்குத் தீனி போட்டது. குளவிக்கு எட்டாத மறைவிடங்கள், திட்டுத்திட்டாகப் பரவிய பூச்சிகள் என்று பல விடைகள் வந்தன.

இந்தக் கணக்கின் பயனை மரவள்ளிக் கிழங்குபோல் வேறெந்தப் பயிரும் காட்டவில்லை. தென் அமெரிக்காவின் மாவுப்பூச்சி ஒன்று 1970களில் ஆப்பிரிக்காவுக்குள் நுழைந்து கோடிக்கணக்கானோரின் உணவை அழித்தது. பூச்சியின் பூர்வீகமான பராகுவேயில் 1981இல் அதைத் தேடிப்பிடித்தார்கள்; அதோடு அனாகிரஸ் லோபெசி என்ற குளவியும் கிடைத்தது. நைஜீரியாவின் இபாடானில் இருந்த வெப்பமண்டல வேளாண்மை நிறுவனம் அதைப் பெருக்கிக் கண்டம் முழுவதும் விட்டது. திட்டத்தை நடத்திய ஹான்ஸ் ஹெரனுக்கு 1995இல் உலக உணவுப் பரிசு கிடைத்தது. அதே மாவுப்பூச்சி 2020இல் கேரளத்தின் திருச்சூரில் தென்பட்டு, சேலம், நாமக்கல் மாவட்டங்களின் மரவள்ளி வயல்களுக்கு வந்தது. குருத்து சுருங்கி முடிச்சாகி நின்றது, கிழங்கு பிடிக்கவில்லை, சேகோ ஆலைகளுக்கு வரத்துக் குறைந்தது. பெங்களூரில் உள்ள தேசிய வேளாண் பூச்சி வள நிறுவனம் பெனின் நாட்டிலிருந்து அனாகிரஸைத் தருவித்துச் சோதித்து, 2022 மார்ச்சில் சேலம் மாவட்டம் ஏத்தாப்பூரில் விட்டது. இந்தக் குளவி மாவுப்பூச்சிக்குள் முட்டையிடுவதோடு, சிலவற்றைக் குத்தி உடல்நீரையும் குடிக்கும். அப்போது ஒரு சாவுக்குக் குஞ்சு பிறப்பதில்லை. நிக்கல்சன் கணக்கு இங்கே பிசகுகிறது; விவசாயிக்கு அந்தப் பிசகால் லாபம்.

பப்பாளி மாவுப்பூச்சிக்கும் இதே வழிதான். 2008இல் கோவையில் தென்பட்ட அது பப்பாளி, மல்பெரி, மரவள்ளி என்று எதையும் விடவில்லை. 2010இல் புவர்ட்டோ ரிக்கோவிலிருந்து வந்த அசிரோஃபேகஸ் பப்பாயே அதை அடக்கியது.

பொள்ளாச்சித் தென்னையில் 2016இல் கண்ட சுருள் வெள்ளை ஈயின் கதை சற்று வேறு. கீழோலைகளில் தேன்போன்ற கழிவு வடிந்து, அதன்மேல் கரும்பூசணம் படர்ந்து, தோப்பே கறுத்தது. மருந்து அடிக்கவேண்டும் என்று விவசாயிகள் நின்றார்கள். அடிக்காதீர்கள் என்றார்கள் ஆய்வாளர்கள். பூச்சியோடு கூடவே என்கார்சியா குவாடிலூப்பே என்ற குளவியும் யாரும் அழைக்காமல் வந்து சேர்ந்திருந்தது. ஓலையின் அடியில் ஒட்டியிருக்கும் வெள்ளை ஈக் குஞ்சை உருப்பெருக்கிக் கண்ணாடியில் பார்த்தால், முதுகில் வட்டமான சிறு துளை தெரியும். குளவி வெளியேறிய வாசல் அது. அந்தத் துளைகள் உள்ள ஓலைத்துண்டை வெட்டித் தாக்கப்பட்ட வேறு மரத்தில் செருகுவதுதான் சிபாரிசு. பூச்சி சாக நாளாகும். மருந்தடித்தால் மறுநாளே பலன் தெரியும், ஆனால் குளவியும் செத்துவிடுவதால் பூச்சி மீண்டும் பெருகும். இதைப் பொறுமையாக விளக்காமல் 'ஒட்டுண்ணி இருக்கிறது, மருந்து வேண்டாம்' என்று மட்டும் சொன்னால், இருக்கிற பூச்சி போதாதென்று ஒட்டுண்ணி வேறா என்று விவசாயி கேட்பதில் தப்பில்லை.

அயல்நாட்டுப் பாரசிட்டாய்டை விடுவதில் ஆபத்தும் உண்டு. அமெரிக்கா 1906இல் ஜிப்சி அந்துப்பூச்சிக்காகக் கொண்டுவந்த காம்ப்சிலூரா ஈ, கைக்கு அகப்பட்ட புழுவையெல்லாம் தாக்கும். அந்நாட்டின் அழகிய பெரும்பட்டு அந்துப்பூச்சிகள் குறைந்ததற்கு அதுவே முக்கியக் காரணமாக இருக்கலாம் என்று 2000இல் வெளிவந்த ஆய்வு கூறியது. இப்போது கூடியவரை ஒருசில ஓம்புயிரிகளை மட்டும் நம்பிப் பிழைப்பவற்றைத்தான் தேர்ந்தெடுக்கிறார்கள்.

தமிழில் இதற்குப் புதுச்சொல் ஆக்குவதில் எனக்கு அவசரமில்லை. ஆய்வேட்டிலும் கல்லூரிப் பாடத்திலும் பாரசிட்டாய்டு என்றே எழுதலாம். வயலுக்குப் போகும் தாளில் முட்டை ஒட்டுண்ணி, புழு ஒட்டுண்ணி, கூட்டுப்புழு ஒட்டுண்ணி என்று பருவத்தை முன்வைத்துச் சொல்லும் நம் வேளாண் வழக்கு நன்றாகவே வேலை செய்கிறது. எப்போது விடவேண்டும் என்பதையும் சொல்லிவிடுகிறது. இடைக்கணுப் புழுவுக்காகக் கரும்புச் சோகையில் கட்டும் டிரைகோகிரம்மா அட்டை, அந்துப்பூச்சி முட்டையிட்ட பிறகு, அது பொரிவதற்கு முன்னால் போய்ச் சேரவேண்டும். புழு கரும்பைக் குடைந்த பின் கட்டினால் காசு தண்டம். துண்டறிக்கை எழுதுபவர்களிடம் ஒரு வேண்டுகோள்: ஒவ்வோர் ஒட்டுண்ணிக்கும் அது எந்தப் பூச்சியைத் தாக்கும், எந்தப் பருவத்தில் தாக்கும், தாக்கப்பட்டது எத்தனை நாளில் சாகும் என்ற மூன்றையும் பெயருக்குப் பக்கத்திலேயே அச்சிடுங்கள். அட்டை கட்டிய வயலில் எத்தனை நாள் மருந்து தெளிக்கக்கூடாது என்பதையும் தடித்த எழுத்தில் போடுங்கள்.